கேட்டேன் ஆன்டி

எனக்கு எண்பத்திரண்டு வயது. ஐந்து பேரைப் பெற்றேன், ஐந்து பேரையும் வளர்த்து ஆளாக்கினேன். அதில் ஒருவர்கூட இன்றுவரை போலீஸ் ஸ்டேஷன் வாசலை மிதித்ததில்லை. தோட்டத்துப் பள்ளிக்கூடத்தில் மூன்றாம் வகுப்போடு என் படிப்பு நின்றது. தமிழை எழுத்துக் கூட்டி எழுதுவேன், வேதத்தை மெதுவாக வாசிப்பேன். ஆங்கில எழுத்து தெரியாது. தெரியாததைத் தெரியும் என்று சொல்லிக்கொள்ளும் பழக்கமும் கிடையாது.

போன மாதம் ஒரு தம்பி என்னைத் தேடி வந்தான். முப்பது வயதிருக்கும். பழைய பாட்டுக் கேசட்டுகளைத் தேடி மறுபடி வெளியிடுகிறவனாம். முன்பு பிரிக்பீல்ட்ஸில் எங்கள் வீட்டுப் பின்னறையில் வாடகைக்கு இருந்த ஒரு பெண்ணைப் பற்றிப் பேசினான். அவள் இறந்துவிட்டாள் என்பதை அவன் வாயால்தான் தெரிந்துகொண்டேன். கையில் இருந்த காப்பியை அப்படியே கீழே வைத்துவிட்டேன். என்னைவிட இருபத்தைந்து வயது சின்னவள்.

அவள் முதன்முதலில் வெளியிட்ட கேசட்டை மறுபடி கொண்டுவரப் போகிறார்களாம். அதில் என் குரல் இருக்கிறது. போடலாமா கூடாதா என்று நான் ஒரு வார்த்தை சொல்ல வேண்டும். "பிரிக்பீல்ட்ஸ் ஆன்டியைக் கேக்காம அதைப் போடக்கூடாதுன்னு எழுதி வச்சிட்டுப் போயிருக்காங்க, பாட்டி" என்றான் அந்தத் தம்பி.

அவள் இறந்த செய்திக்கு அடுத்தபடி என்னைத் திடுக்கிட வைத்தது அதுதான். கேட்காமல் எடுப்பதுதான் அந்தப் பெண்ணின் குணம். நான் அறிந்து அவள் யாரையும் எதையும் கேட்டதில்லை. அந்தக் குரல் ஒரு தரம் வெளியே போய் என் வீட்டுக்கு என்ன செய்தது என்பதும் எனக்கு மறக்கவில்லை. "யோசித்துச் சொல்கிறேன்" என்று அவனை அனுப்பிவிட்டேன். யோசிக்க உட்கார்ந்தால் அவள்தான் வந்து எதிரில் நிற்கிறாள். அதனால் எழுதுகிறேன். பெயரை எழுதப் போவதில்லை. அவள் வெளியிட்ட எந்தக் கேசட்டிலும் தன் பெயரைப் போட்டுக்கொண்டதே இல்லை என்று அந்தத் தம்பி சொன்னான்.

என் வீட்டுக்காரர் ரயில்வேயில் இருந்தவர். அவர் தவறிப்போய் இரண்டாம் வருஷம், அதற்குள் நான்கு பிள்ளைகள் கல்யாணம் கட்டிக்கொண்டு போய்விட்டார்கள், கடைசி மகள் மட்டும் வீட்டில் இருந்தாள். பின்னறை சும்மா கிடந்தது. பெண்பிள்ளைகளுக்கு மட்டும் என்று அட்டையில் எழுதித் தொங்கவிட்டோம். இவள் வந்து நின்றாள். பண்டமாரான் ஊர்ப் பெண். அப்பா துறைமுகத்தில் மூட்டை தூக்கினவர். பகலில் எலக்ட்ரானிக் கம்பெனியில் வேலை. தலைமுடியை ஆம்பிளைப் பிள்ளை போல வெட்டி, ஒரு பக்கம் சுத்தமாக மழித்திருந்தாள். பேன் பிடித்து மழித்திருக்கிறார்கள் பாவம் என்று நினைத்துக்கொண்டேன்.

"ஆன்டி, ஒரு டிரம்ஸ் இருக்கு. பின்னால ஸ்டோர்ல வச்சுக்கலாமா?"

"வச்சுக்கோம்மா. தண்ணி கட் ஆச்சுன்னா நமக்கும் உதவும்."

அவள் என்னை ஒரு மாதிரி பார்த்தாள். மறுநாள் லோரி வந்து இறக்கியபோதுதான் தெரிந்தது. தண்ணீர் பிடிக்கிற டிரம் ஒன்றுகூட இல்லை. பெரியதும் சின்னதுமாக அடிக்கிற டிரம்கள், இரண்டு பித்தளைத் தட்டுகள். சனிக்கிழமை மத்தியானம் மூன்றிலிருந்து ஐந்து வரை மட்டும் என்று கண்டிப்பாகச் சொன்னேன். அவள் கூட்டாளிகள் இரண்டு பேர் கிட்டார் தூக்கிக்கொண்டு வருவார்கள், ஒரு மலாய்ப் பையன், ஒரு சீனப் பையன். முதல் சனிக்கிழமை அவர்கள் ஆரம்பித்ததும், தகரக் கூரைமேல் தேங்காய் லோரி கவிழ்ந்துவிட்டது என்று நினைத்து வாசலுக்கு ஓடினேன். பாட்டு என்றால் எனக்குத் தெரிந்தது கீர்த்தனை. இதில் பாடுகிறவன் யாரையோ திட்டுகிறான், யாரை என்று தெரியவில்லை.

ஆனால் அவள் ஊமை போல. நாள் முழுக்க அவள் பேசுவதை எண்ணினால் இருபது வார்த்தை தேறாது. காதுதான் பேசும். சமையற்கட்டுக்கு வருவாள், விரல் மடக்கி என் பாத்திரங்களை ஒவ்வொன்றாகத் தட்டிப் பார்ப்பாள், தலையை ஒரு பக்கம் சாய்த்துக் கேட்பாள். மறுநாள் ஒரு மூடி காணாமல் போயிருக்கும். ஒரு காலையில் இட்லி வேகவே இல்லை. பார்த்தால் சட்டிக்கு மூடி இல்லை. ஸ்டோருக்குப் போனால் அது ஒரு கம்பியில் தொங்குகிறது, நடுவில் ஓட்டை வேறு.

"அடியே, என் இட்லிச் சட்டி மூடிடி அது!"

"அது குரல் நல்லாருந்துச்சு ஆன்டி."

"மூடிக்கு என்னடி குரல்? கேட்டுட்டு எடுக்கக் கூடாதா?"

"கேட்டேனே ஆன்டி. தட்டித் தட்டிக் கேட்டேன்."

இதுதான் அவள். கேட்பது என்றால் அவளுக்குக் காது மட்டும்தான். நமக்கு வாயும் உண்டு என்பது அவளுக்குத் தோன்றவே தோன்றாது.

பிரிக்பீல்ட்ஸில் கண் தெரியாதவர்கள் நிறைய பேர் உண்டு. மசாஜ் கடைக்கு வேலைக்குப் போகிற ஒருவர் தினமும் காலையில் எங்கள் வீதி வழியாகத் தடியைத் தட்டிக்கொண்டே போவார். ஒருநாள் நான் காய் வாங்கிக்கொண்டு பாசாரிலிருந்து வந்துகொண்டிருந்தேன். பார்த்தால், அவர் பின்னால் இவள் பூனை மாதிரி நடக்கிறாள். கையில் துணிப்பை, பைக்குள் சின்ன டேப் மெஷின். அவர் நின்றார்.

"யாரும்மா பின்னாடி? ரெண்டு நாளா வர்றியே."

"சும்மா கேட்டேன் அங்கிள்."

"கேட்டியா? எங்கிட்ட நீ ஒண்ணும் கேக்கலையே."

"இல்ல அங்கிள், உங்க தடிச் சத்தத்தைக் கேட்டேன்."

அவர் சிரித்துவிட்டார். "சரி, கேட்டு முடிச்சதும் மறக்காம திருப்பிக் குடுத்துடு. எனக்கு வழி காட்டுறது அது ஒண்ணுதான்."

எனக்கு உடம்பெல்லாம் கூசிப் போயிற்று. வீட்டுக்கு வந்ததும் பிடித்துக்கொண்டேன். "கண்ணு தெரியாத மனுஷன் நடையைத் திருடலாமாடி?"

"திருடல ஆன்டி. அவரோட நடை அவர்கிட்டயே இருக்கு. எங்கிட்டயும் இருக்கு."

காய்க்கூடையைத் தூக்கிக்கொண்டு சமையற்கட்டுக்குப் போய்விட்டேன்.

ஒன்றை மட்டும் நானும் கேட்காமல் செய்தேன். அவள் சட்டை, ஜாக்கெட் எல்லாம் கிழிசல். பொத்தான் இருக்க வேண்டிய இடத்தில், இல்லாத இடத்தில், எங்கே பார்த்தாலும் ஊக்கு. கால்சட்டை முட்டியில் எலி கடித்த மாதிரி ஓட்டை. தாய் பக்கத்தில் இல்லாத பிள்ளை, பொத்தான் தைக்கக்கூட ஆளில்லை என்று எனக்கு மனசு கேட்கவில்லை. அவள் வேலைக்குப் போன நேரத்தில் எல்லாவற்றையும் ஊறவைத்துத் துவைத்து, ஊக்குகளைக் கழற்றி ஒரு டப்பாவில் போட்டு, பூப்போட்ட துணியில் ஒட்டுப் போட்டு, வரிசையாகப் பொத்தான் தைத்து மடித்து வைத்தேன். வந்து பார்த்தவள் முகத்தில் ரத்தமே இல்லை. என் மகள் வாயைப் பொத்திக்கொண்டு உள்ளே ஓடினாள். "அம்மா, அது ஸ்டைல்மா! அவங்க எல்லாரும் அப்படித்தான் போடுவாங்க!" கிழிசலில் என்ன ஸ்டைல் என்று எனக்கு இன்றுவரை விளங்கவில்லை. ஆனால் அவள் அதைப் பிரிக்கவில்லை. அந்தச் சனிக்கிழமை பூப்போட்ட முட்டியோடுதான் உட்கார்ந்து அடித்தாள்.

இனி அந்தக் குரல் கதைக்கு வருகிறேன்.

கல்யாணமாகி வந்த நாளிலிருந்து என் குரல் எங்கள் வீட்டு வாசலைத் தாண்டியதில்லை. அதுதான் என் பெருமை. பக்கத்து வீட்டில் சண்டை, எதிர் வீட்டில் சண்டை, எங்கள் வீட்டில் சண்டை நடந்தாலும் ஜன்னலைச் சாத்திவிட்டுத்தான் பேசுவேன். சர்ச்சில் பெண்கள் மத்தியில் எனக்கு ஒரு மரியாதை இருந்தது என்றால் அதனால்தான்.

ஒரு சனிக்கிழமை, கூட்டாளிகள் போன பிறகு, அவள் தனியாக அடித்துப் பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் அண்ணன் வந்தான். லோரி ஓட்டுகிறவன், கதவளவு உடம்பு. யாரையும் கூப்பிடவில்லை, நேரே பின்பக்கம் போனான். "வாடி வீட்டுக்கு. ஊரே சிரிக்குது" என்ற சத்தம் கேட்டது. நான் வடைக்கு மாவு தட்டிக்கொண்டிருந்தேன். போய்ப் பார்ப்பதற்குள் கன்னத்தில் ஒன்று விட்டுவிட்டான். அவள் அழவில்லை, முனகவில்லை. எல்லாச் சத்தத்தையும் எடுத்து வைக்கிறவள், தன்னிடமிருந்து ஒரு சத்தத்தையும் விடவில்லை. பிறகு அவன் பெரிய டிரம்மை உதைத்தான். தோல் கிழிந்து அவன் கால் உள்ளே போயிற்று.

எனக்குள் என்ன நடந்தது என்று எனக்கே தெரியாது. வாய் திறந்துகொண்டது.

"எடுடா காலை! யாரு வீட்டுல வந்து யாரு காலைடா வைக்கிற? பொட்டப்புள்ள ராப்பகலா வேலை செஞ்சு வாங்கின பொருளை உதைக்கவா உங்கப்பன் மூட்டை தூக்கி உன் காலை வளர்த்தாரு? எடுடா! ஊரு சிரிக்குதா? எந்த ஊரு? கூப்பிட்டு வா அந்த ஊரை, நான் கேக்குறேன். அஞ்சு பெத்தவ நிக்கிறேன், தைரியம் இருந்தா இங்க உதைடா!"

அதோடு நிற்கவில்லை. மூச்சு விடாமல் நாலு நிமிஷம். தோட்டத்தில் சின்ன வயதில் காதில் விழுந்ததெல்லாம், மறந்துவிட்டேன் என்று நான் நினைத்திருந்ததெல்லாம், வரிசையாக வந்தது. நடுவில் ஒரு வார்த்தையும் வந்தது. அதை இங்கே எழுத மாட்டேன். அவ்வளவு பெரிய ஆள் ஒற்றைக் காலில் டிரம்மோடு தத்தித் தத்திப் பின்வாங்கினான். "ஆன்டி... சாரி லா ஆன்டி..." என்று காலை உருவிக்கொண்டு ஓடியே போனான்.

வீதியில் நாலு வீட்டுக் கதவு திறந்திருந்தது. என் மகள் சமையற்கட்டு வாசலில் சிலை மாதிரி நின்றாள். இவள் வீங்கின கன்னத்தோடு ஸ்டோருக்குள் போய் ஏதோ சுவிட்சை அமுக்கினாள். விளக்கை அணைக்கிறாள் என்று நினைத்தேன். அன்று சாயங்காலம் முழங்காலில் நின்று அந்த ஒரு வார்த்தைக்காக மட்டும் மன்னிப்புக் கேட்டேன். மற்றதற்குக் கேட்கவில்லை.

சில வாரம் கழித்து ஒரு சனிக்கிழமை மூன்று மணிக்கு வீடு அமைதியாக இருந்தது. அந்த அமைதி எனக்குப் பயமாக இருந்தது. போய்ப் பார்த்தேன். டிரம் ஒன்றுகூட இல்லை. அந்த இடத்தில் மேசைமேல் நாலு கறுப்பு மெஷின்.

"எங்கடி எல்லாம்?"

"வித்துட்டேன் ஆன்டி."

"அண்ணனுக்குப் பயந்தா?"

"இல்ல ஆன்டி. அடிக்கிறவங்க நெறைய பேரு இருக்காங்க. நல்லா அடிக்கிறாங்க. சத்தமெல்லாம் அந்த ரூமோட போயிடுது. உக்காந்து கேக்குறதுக்குத்தான் ஆளில்ல. இனிமே நான் லேபிள் பண்ணப்போறேன்."

அவள் அவ்வளவு நீளமாகப் பேசி நான் கேட்டதில்லை. எனக்கு நிம்மதியாகவும் இருந்தது. நல்ல தொழில்தானே. "பண்ணும்மா. என் ஊறுகாய்ப் போத்தலுக்கும் கொஞ்சம் வேணும். மாங்கா படம் போட்டு, தண்ணி பட்டாலும் உரியாத பேப்பரா பாரு" என்றேன். சர்ச் விற்பனைக்கு வருஷா வருஷம் நான் ஊறுகாய் போடுவேன். அவள் தரையைப் பார்த்துக்கொண்டாள். பிறகு, "சரி ஆன்டி" என்றாள். சொன்னபடி செய்தும் கொடுத்தாள். மாங்காய் நன்றாக வந்திருந்தது.

லேபிள் என்றால் பாட்டுக்காரர்களின் பாட்டைக் கேசட்டில் போட்டு ஊருக்கு அனுப்புகிற கம்பெனி என்று மகள்தான் பிறகு எனக்கு விளக்கினாள். கம்பெனி என்றால் ஆள், மேசை, மணி எல்லாம் இருக்கும் என்று நினைத்திருந்தேன். இவள் ஒருத்தி, கால் நீட்டித் தரையில் உட்கார்ந்துகொண்டு, ஒரு மெஷினில் ஓட விட்டு மற்றதில் பதிவாக்கி, ஒவ்வொரு கேசட்டையும் ஆரம்பத்திலிருந்து கடைசி வரை கேட்பாள். ஒரே பாட்டை ஐம்பது தரம் கேட்பாள். சலிக்காதா என்றால், "ஒவ்வொண்ணும் சரியா விழுந்திருக்கான்னு பாக்கணும் ஆன்டி" என்பாள். காதில் எப்போதும் ஹெட்போன் என்கிற கறுப்பு மூடி இருக்கும், அதனால் வெளியே எனக்கு எதுவும் கேட்காது. அட்டை மடிக்க ஆளில்லை என்று நானும் என் மகளும் சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்து மடித்துக் கொடுத்தோம். அட்டையில் ஆங்கிலத்தில் ஏதோ எழுதியிருந்தது, அழகான எழுத்து. ஓரம் பிசகாமல் மடிப்பதில் என்னை யாரும் ஜெயிக்க முடியாது. என் குரலை நானே மடித்துப் பசை போட்டு ஊருக்கு அனுப்பிக்கொண்டிருக்கிறேன் என்பது எனக்குத் தெரியாது.

அந்தச் சமயத்தில்தான் கிள்ளானிலிருந்து என் மகளுக்கு வரன் வந்தது. நல்ல குடும்பம். மாப்பிள்ளை பேங்கில் வேலை. மாப்பிள்ளையின் அம்மா தமிழ்ப்பள்ளியில் தலைமையாசிரியையாக இருந்து ஓய்வு பெற்றவர். பேசும்போது கமா, முற்றுப்புள்ளி எல்லாம் காதில் விழும். மாப்பிள்ளை, அவன் தம்பி, அம்மா, மூன்று பேர் ஞாயிற்றுக்கிழமை வந்தார்கள். கேசரி, வடை, டீ. எல்லாம் நன்றாகத்தான் போய்க்கொண்டிருந்தது. அந்த அம்மா என் கையைப் பிடித்து, "இந்தத் தெருவில் நுழைந்ததும் எல்லா வீட்டிலும் இரைச்சல். உங்கள் வீட்டில்தான் அமைதி இருக்கிறது" என்றார். எனக்கு உச்சி குளிர்ந்துவிட்டது.

அந்த நேரம் பார்த்துப் பக்கத்து வீட்டுப் பூனை ஜன்னல் வழியாக ஏறி வந்து, கேசரித் தட்டில் ஒரு காலை வைத்தது.

"எடு காலை!" என்றேன். மெதுவாகத்தான் சொன்னேன்.

மாப்பிள்ளையின் தம்பி சடாரென்று தலை நிமிர்ந்தான். டீ சிந்திவிட்டது.

"ஆன்டி... இன்னொரு தடவை சொல்லுங்க."

"என்னது தம்பி?"

"அண்ணே, அந்தக் குரல்! 'எடுடா காலை! யாரு வீட்டுல வந்து யாரு காலைடா வைக்கிற!' ஆன்டி, அது நீங்கதானா? எங்க காலேஜ்ல எல்லாரும் கேட்டிருக்கோம் ஆன்டி! மனப்பாடம்!"

நிறுத்தியிருக்கலாம். சந்தோஷத்தில் அவன் நிறுத்தவில்லை. எழுந்து நின்று, என் மாதிரியே இடுப்பில் கைவைத்து, அஞ்சு பெத்தவ வரைக்கும் சொன்னான். பிறகு அந்த வார்த்தையையும் சொன்னான், அவன் அம்மா எதிரில், என் வீட்டுக் கூடத்தில்.

பூனைகூட ஓடிவிட்டது.

"என்ன இது?" என்றார் அந்த அம்மா. என்னிடம்தான் கேட்டார்.

இல்லை என்று சொல்லியிருக்கலாம். என் மகளின் முகம் வெளிறிக் கிடந்தது. பின்னறைக் கதவருகே இவள் நின்றாள். பொய் சொல்லி என் மகளைக் கட்டிக்கொடுக்க எனக்கு வாய் வரவில்லை. "ஆமாங்க. என் குரல்தான்" என்றேன். அவர் டீக் கோப்பையை ஓசையில்லாமல் வைத்தார். இரண்டு நாளில் தகவல் வந்தது. அவர்கள் குடும்பத்துக்கு ஒத்துவராதாம்.

என் மகள் அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு அழுதாள். அந்த அழுகையைக் கேட்டுவிட்டு நான் இவளைச் சமையற்கட்டுக்குக் கூப்பிட்டேன். மகளும் கண்ணைத் துடைத்துக்கொண்டு வந்து அடுப்பருகே நின்றாள்.

"என்னைக் கேட்டியாடி?"

அவள் தலையைக் குனிந்துகொண்டாள். "கேட்டேன் ஆன்டி" என்றாள்.

"எப்ப கேட்ட?"

"கேட்டுட்டுத்தான் ஆன்டி போட்டேன்."

எனக்கு ஆத்திரம் பொங்கிக்கொண்டு வந்தது. "இட்லிச் சட்டி மூடியைக் கேட்ட மாதிரியா? குருட்டு மனுஷன் தடியைக் கேட்ட மாதிரியா? காதால கேட்டுட்டு எங்கிட்டயே வார்த்தை விளையாட்டு விளையாடுறியா?"

அவள் நிமிர்ந்து ஒரு தரம் பார்த்தாள். என்னை அல்ல, எனக்குப் பின்னால். பிறகு சொன்னாள், "ஆமா ஆன்டி. காதாலதான்."

"அந்த ஒரு வார்த்தையை மட்டுமாவது எடுத்துடு."

"ஒரு வார்த்தையை மட்டும் எடுக்க வராது ஆன்டி. எடுத்தா முழுசாத்தான் எடுக்கணும்."

"அப்ப முழுசா அழி."

சரி என்றாள். மறுபேச்சு இல்லை. கடைகளில் கொடுத்திருந்தது, கூட்டாளிகளிடம் இருந்தது, கைக்குக் கிடைத்ததையெல்லாம் பெட்டி பெட்டியாகத் திரும்பக் கொண்டுவந்தாள். கேசட்டின் தலையில் இரண்டு சின்னச் சதுரம் உண்டு. அதை உடைத்துவிட்டால் அதன்மேல் மறுபடி பதிய முடியாது. அவள் எல்லாவற்றிலும் அதை உடைத்து வைத்திருந்தாள், யாரும் அழித்துவிடக் கூடாது என்று. இப்போது ஒவ்வொரு ஓட்டையின் மேலும் செலோடேப்பைத் துண்டு துண்டாக வெட்டி ஒட்டி, மெஷினில் போட்டு, நாலு நாலு நிமிஷமாக அழித்தாள். இரண்டு நாள் லீவு போட்டுவிட்டு உட்கார்ந்து அழித்தாள். காதில் அந்தக் கறுப்பு மூடியை மாட்டியிருந்தாள். அழிகிறதைக்கூடக் கேட்டுக்கொண்டிருந்தாள்.

மாதக் கடைசியில் வீடு காலி செய்துவிட்டாள். "போய்ட்டு வரேன் ஆன்டி" என்று வாசலில் நின்று சொன்னாள். நான் வெளியே வரவில்லை. உள்ளே வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தேன். பெட்டாலிங் ஜெயாவில் மாடி அறை எடுத்திருக்கிறாள், நிறைய பேருடைய பாட்டைக் கொண்டுவருகிறாள், வெளிநாட்டுக்கெல்லாம் அனுப்புகிறாள் என்று பிறகு காதில் விழுந்தது. நான் போய்ப் பார்க்கவில்லை. அவளும் வரவில்லை. என் மகளுக்கு மறு வருஷம் சுங்கை பூலோவில் வேறு நல்ல இடம் அமைந்தது. நன்றாக இருக்கிறாள்.

அந்தத் தம்பி வந்து போன மறுநாள் மகளுக்கு போன் செய்தேன். இது என் குரல் மட்டுமில்லை, இதனால் கல்யாணம் தட்டிப்போனது அவளுக்கு. அவள் வேண்டாம் என்றால் வேண்டாம்தான். விஷயத்தைச் சொல்லி, "நீ என்னடி சொல்ற?" என்றேன்.

"அம்மா, அவ கேட்டாம்மா."

"என்னத்தைக் கேட்டா?"

"எங்கிட்ட கேட்டா. அந்தக் கேசட்டைப் போடுறதுக்கு முன்னாடி எங்கிட்ட வந்து, ஆன்டி குரலைப் போடலாமா, ஆன்டிகிட்ட நீ கேட்டுச் சொல்லுன்னு கேட்டா. உங்கிட்டப் பேச அவளுக்குப் பயம். நான் கேட்டுட்டேன், அம்மா சரின்னுட்டாங்கன்னு சொல்லிட்டேன்."

போனை இந்தக் காதிலிருந்து அந்தக் காதுக்கு மாற்றினேன்.

"ஏன்டி?"

"உங்கிட்டச் சொன்னா வேணாம்னுடுவ. எனக்கு அது அவ்ளோ பிடிச்சிருந்துச்சும்மா. நீ அப்படிப் பேசி நான் பார்த்ததே இல்ல. அட்டையில இருந்த எழுத்துகூட என்னுதுதாம்மா."

"அன்னிக்கு அடுப்புக்கிட்ட நின்னியே. வாயைத் திறந்திருக்கலாமே?"

"திறக்கத்தான் போனேன். அவ என்னைப் பார்த்துத் தலையாட்டினா, வேணாம்னு. அப்புறம் காதாலதான்னு சொல்லிட்டா. அதுக்கப்புறம் எப்படிம்மா சொல்றது? நாள் ஆக ஆக முடியல." அழுதாள். முப்பது வருஷத்துக்கு முன் கதவைச் சாத்திக்கொண்டு அழுதாளே, அது மாப்பிள்ளைக்காக இல்லையாம். அந்த மாப்பிள்ளையை அவளுக்குப் பிடிக்கவே இல்லையாம்.

அந்தப் பெண் கேட்டுவிட்டுத்தான் எடுத்திருக்கிறாள். ஒரு வீட்டில் தாயைக் கேட்க மகளிடம் சொல்லியனுப்பி, பதிலை வாங்கிக்கொண்டுதான் எடுத்திருக்கிறாள். "கேட்டேன் ஆன்டி" என்று என் எதிரில் நின்று உண்மையைத்தான் சொன்னாள், இரண்டு தடவை. நான்தான் அந்த வார்த்தையை எனக்குத் தெரிந்த பக்கமாகத் திருப்பிக்கொண்டேன். தன் காதால் ஐம்பது தரம் கேட்டுச் சேர்த்ததை என் ஒரு சொல்லுக்காக அழித்துவிட்டு, என் மகளையும் காட்டிக்கொடுக்காமல், வாசலில் நின்று போய்வருகிறேன் என்று சொன்னவளுக்கு நான் முகம்கூடக் காட்டவில்லை.

அழித்ததில் தப்பின கேசட் ஒன்று யாரிடமோ இருந்து அந்தத் தம்பி கைக்கு வந்திருக்கிறது. நேற்று அவனுக்கு போன் போட்டேன். "போடு தம்பி" என்றேன்.

"அந்த ஒரு வார்த்தை வருதே பாட்டி. இப்பல்லாம் கம்ப்யூட்டர்ல அதை மட்டும் தனியா எடுத்துடலாம். எடுத்துடவா?"

"ஒண்ணையும் எடுக்காத. அவளை அடிச்சவனைப் பார்த்து வந்த வார்த்தை அது. இருக்கட்டும்."

அட்டையில் என் பெயரைப் போடவா என்றும் கேட்டான். போடு என்றேன். சர்ச்சில் கேட்டால் நான் பதில் சொல்லிக்கொள்கிறேன்.

பேத்தி பக்கத்தில்தான் உட்கார்ந்திருக்கிறாள். சுங்கை பூலோ மகளின் பெண். நோட்டை அவளிடம் கொடுக்கப் போகிறேன். இந்தாம்மா, கண்ணாடியைத் துடைச்சுட்டு, முதல்லேருந்து சத்தமாப் படி. எழுத்துப் பிழை இருந்தா திருத்திக்கோ, வார்த்தையை மாத்தாத. உங்கம்மா வர்ற இடத்துல நிறுத்தாம படி.